யமகுச்சி மொமோயே: பாடல்களையும் படங்களையும் எந்த வரிசையில் அணுகுவது

ஜப்பானில் பாடகர்கள் திரைப்படங்களில் நடிப்பதும் நடிகர்கள் இசைத்தட்டு வெளியிடுவதும் மிகப் பழைய வழக்கம். ஆனால் அப்படி இரண்டு துறையிலும் இயங்கிய ஒருவரைப் புதிதாக அறிந்துகொள்ள விரும்புபவருக்கு எங்கே தொடங்குவது என்பதே பெரிய சிக்கலாகிவிடும். நாற்பது ஐம்பது ஆண்டுகள் பாடியும் நடித்தும் வருபவரின் பட்டியலைப் பார்த்தவுடன் மலைப்பு ஏற்பட்டு, பலர் இரண்டு பாடல்களோடு நின்றுவிடுகிறார்கள். அந்த மலைப்பு ஏற்படாத ஒருவரிடமிருந்து தொடங்குவது நல்லது என்பதால், இந்தக் கட்டுரை பாடகியும் நடிகையுமான யமகுச்சி மொமோயேவை எடுத்துக்கொள்கிறது. அவருடைய தொழில்வாழ்க்கை 1973 மே மாதம் தொடங்கி 1980 அக்டோபரில் முடிந்துவிட்டது. 14 வயதில் மேடையேறியவர் 21 வயதில் விலகினார், அதன்பின் மேடைக்கோ திரைக்கோ திரும்பவில்லை. அந்த ஏழரை ஆண்டுகளுக்குள் முப்பதுக்கும் மேற்பட்ட சிங்கிள்கள் (ஓரிரு பாடல்கள் மட்டும் அடங்கிய தட்டுகள்), கதாநாயகியாக 13 திரைப்படங்கள், தொலைக்காட்சித் தொடர்கள் எல்லாம் அடங்கிவிடுகின்றன. சில மாத வார இறுதிகளை ஒதுக்கினால் முழுவதையும் பார்த்துக் கேட்டுவிடலாம்.

தொடங்கும் முன் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். பாடல்களை மட்டும் கேட்பவருக்கு ஒரு மொமோயே கிடைப்பார், படங்களை மட்டும் பார்ப்பவருக்கு முற்றிலும் வேறொரு மொமோயே கிடைப்பார். பாடல்களில் அவர் எதிர்த்துப் பேசுகிற பெண், படங்களிலோ பெரும்பாலும் காத்திருக்கிற, விட்டுக்கொடுக்கிற, நோயில் வாடுகிற பெண். இந்த இரண்டையும் ஆண்டுவாரியாகப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால்தான் இந்தத் தொழில்வாழ்க்கையின் சுவை புரியும். கீழே உள்ள படிகள் அந்த நோக்கத்தோடு அமைந்தவை.

முதல் படி: பெயரையும் தேடும் முறையையும் சரிசெய்துகொள்ளுங்கள்

ஜப்பானிய முறையில் குடும்பப் பெயர் முன்னால் வரும். யமகுச்சி என்பது குடும்பப் பெயர், மொமோயே என்பது இவருடைய பெயர். மேலை நாட்டுப் பட்டியல்களில் இது தலைகீழாக இருக்கும் என்பதால் இரண்டு வரிசையிலும் தேடிப் பார்க்க வேண்டும். அதைவிடப் பயன்தரும் வழி, இணையக் கலைக்களஞ்சியம் ஒன்றிலிருந்து அவர் பெயரின் ஜப்பானிய எழுத்துகளைப் படியெடுத்துவைத்துக்கொண்டு அதைக் கொண்டே தேடுவதாகும். நான்கே எழுத்துகள்தாம்: மலை, வாய், நூறு, அருள் என்று அவற்றுக்குத் தனித்தனியே பொருள். இந்த நான்கையும் கண்ணால் அடையாளம் காணப் பழகிவிட்டால், தட்டின் உறையிலும் படத்தின் தொடக்க எழுத்துகளிலும் அவர் பெயரை நீங்களே கண்டுபிடித்துவிடலாம். ஜப்பானிய மொழி தெரியாத ஒருவருக்கு இது சிறிய உதவி அன்று.

2020 மே மாதத்தில் அவருடைய பாடல்கள் இணைய இசைச் சேவைகளில் பெருந்தொகையாக வெளியிடப்பட்டன. ஆகையால் கேட்பதற்குத் தடை இல்லை. ஆனால் ஓர் எச்சரிக்கை: அவருடைய புகழ்பெற்ற பாடல்கள் சிலவற்றை அவற்றை இயற்றியவர்களே தங்கள் குரலில் பாடி வெளியிட்டிருக்கிறார்கள், பிற பாடகர்களும் பாடியிருக்கிறார்கள். பாடல் பெயரை மட்டும் இட்டுத் தேடினால் அவை முன்னால் வந்து நிற்கும். முதன்முறை கேட்கும்போது மூலப்பதிவைக் கேட்பது அவசியம், ஏனென்றால் இங்கே குரல்தான் முதல் செய்தி.

இரண்டாம் படி: ஐந்து பாடல்களை வெளியான வரிசையிலேயே கேளுங்கள்

'சிறந்தவை' என்ற தொகுப்பை எடுத்து எங்கிருந்தாவது கேட்கத் தொடங்குவது பொதுவான பழக்கம். இவர் விஷயத்தில் அதைத் தவிர்க்கச் சொல்வேன். சிங்கிள்களைக் கால வரிசையில் அடுக்கிய தொகுப்புகள் கிடைக்கின்றன. அவற்றில் ஒன்றை வைத்துக்கொண்டு முதலில் ஐந்து பாடல்களை மட்டும் கேளுங்கள்.

முதலாவது 1974 ஜூனில் வந்த 'ஹிதோநாட்சு நோ கெய்கென்', அதாவது 'ஒரு கோடையின் அனுபவம்'. சென்கே கசூயா எழுதி, தொகுரா ஷுன்இச்சி இசையமைத்தது. பெண்ணுக்கு மிக முக்கியமான ஒன்றை உனக்குத் தருகிறேன் என்று பதினைந்து வயதுச் சிறுமி பாடுகிறாள். எழுதியவர்களும் தயாரித்தவர்களும் எல்லாரும் வயதுவந்த ஆண்கள் என்பதை நினைவில் வைத்துக்கொண்டு கேட்டால் கொஞ்சம் சங்கடமாகவே இருக்கும், இருக்கவும் வேண்டும். அந்த 'முக்கியமான ஒன்று' எதுவென்று நிருபர்கள் சிறுமியிடம் திரும்பத் திரும்பக் கேட்டார்கள். 'மகொகோரோ' என்று அவர் விடை சொன்னார். உண்மையான மனம் என்று அதற்குப் பொருள். கேட்டவர்கள் எதிர்பார்த்த நாணமும் தடுமாற்றமும் அந்த விடையில் இல்லை.

இரண்டாவது 1976 ஜூனில் வந்த 'யொகொசுகா ஸ்டோரி'. இங்கேதான் நிறுத்தி நிதானமாகக் கேட்க வேண்டும். பாடலாசிரியை அகி யோகோவும் அவருடைய கணவரான ராக் இசைஞர் உசாகி ரியூடோவும் இணைந்து உருவாக்கிய பாடல் இது. அவர்களிடம் பாடல் கேட்டுப் பெற வேண்டும் என்று விரும்பியவர் மொமோயேவேதான். யொகொசுகா என்பது தோக்கியோ விரிகுடாவின் வாயிலில் உள்ள துறைமுக நகரம். அமெரிக்கக் கடற்படைத் தளம் அமைந்த ஊர். மொமோயே 1959 ஜனவரி 17 அன்று தோக்கியோவில் பிறந்தவர் என்றாலும் தாயின் வளர்ப்பில் இளமையைக் கழித்தது யொகொசுகாவில்தான். இதோடு முடிந்ததா, இவ்வளவுதானா என்று காதலனைக் கேட்கும் சொல் பாடலின் முதலிலேயே அடுக்கடுக்காக வந்துவிடுகிறது. அதுவரை பிறர் கற்பனை செய்த சிறுமியாகப் பாடிவந்தவர், இந்தப் பாடலில் தன் ஊரின் பெயரோடும் மேட்டுத் தெருக்களோடும் கடலோடும் ஒரு பெண்ணாகப் பேசத் தொடங்குகிறார். குரலையும் கவனியுங்கள்: அன்றைய இளம் பாடகிகள் பலரும் உயர்ந்த ஸ்தாயியில் இனிமையாகப் பாடிக்கொண்டிருந்தபோது, இவர் கீழ் ஸ்தாயியில், சொல்லை அழுத்தி, சிரிப்பில்லாமல் பாடுகிறார்.

மூன்றாவதாக 1977 அக்டோபரில் வந்த 'கொசுமொசு'. காஸ்மாஸ் பூவின் பெயர் அது. சதா மசாஷி எழுதி இசையமைத்தது. மறுநாள் மணமாகிப் பிரிந்துபோக இருக்கும் மகள், பழைய புகைப்படத் தொகுப்பைப் புரட்டி அவளுடைய சிறுவயதுக் கதையைச் சொல்லும் தாயைப் பார்த்துக்கொண்டிருக்கிறாள், அவ்வளவுதான் காட்சி. சதா இதற்கு வேறொரு தலைப்பு வைத்திருந்தார். தயாரிப்பாளர் சகாய் மசடோஷிதான் இந்தத் தலைப்பை வைத்தார். 'இலையுதிர்காலச் செர்ரி' என்று பொருள்படும் எழுத்துகளை எழுதி அதைக் 'கொசுமொசு' என்று வாசிக்கும் வழக்கம் ஜப்பானில் பரவியதே இந்தப் பாடலால்தான் என்பார்கள்.

நான்காவது 1978 மேயில் வந்த 'பிளேபேக் பார்ட் 2', மீண்டும் அகி-உசாகி இணையின் படைப்பு. செந்நிறப் போர்ஷே காரைத் தனியே ஓட்டிப்போகும் பெண், பக்கத்துக் காரோட்டி அதட்டியவுடன் திருப்பி அதட்டுகிறாள். பிறகு இசை சட்டென்று நிற்கிறது, 'கொஞ்சம் பொறு' என்று சொல்லி நேற்றிரவு நடந்ததைத் திருப்பி ஓட்டிப் பார்க்கிறாள். அந்த நிறுத்தத்தைத் தவறவிடாதீர்கள். வணிகப் பெயர்களை அனுமதிக்காத என்எச்கே என்ற பொது ஒளிபரப்பு நிறுவனத்தின் தொலைக்காட்சியில் 'போர்ஷே' என்பதைக் 'கார்' என்று மாற்றிப் பாட நேர்ந்த கதை இன்றுவரை அங்கே பேசப்படுகிறது.

ஐந்தாவது அதே 1978 நவம்பரில் வந்த 'ஈ ஹி தபிதாச்சி', 'பயணம் புறப்பட நல்ல நாள்' என்று கொள்ளலாம். தனிமுரா ஷின்ஜி இயற்றிய இந்தப் பாடல் ஜப்பானியத் தேசிய இரயில்வேயின் பயண விளம்பரத்துக்காகப் பயன்பட்டது. பின்னாளில் மேற்கு ஜப்பான் இரயில்வே தன் ஷின்கான்சென் அதிவேக வண்டிகளில் அறிவிப்புக்கு முன் ஒலிக்கும் மணியோசையாக இதன் மெட்டையே வைத்துக்கொண்டது. விளம்பரத்துக்கு என்று செய்த பாட்டு இத்தனை துயரத்தோடு எப்படி அமைந்தது என்று ஒவ்வொரு முறை கேட்கும்போதும் எனக்கு வியப்பு.

இந்த ஐந்தையும் குறைந்தது மூன்று முறை கேட்டபிறகே படங்களுக்குச் செல்லுங்கள்.

மூன்றாம் படி: படங்கள் ஏன் அப்படி இருந்தன என்பதைத் தெரிந்துகொள்ளுங்கள்

இந்தப் பின்னணி தெரியாமல் நேரே படத்தைப் பார்த்தால், 'யொகொசுகா ஸ்டோரி' பாடியவர் ஏன் இப்படிக் கண்ணீர்க் கதைகளில் நடித்தார் என்று ஏமாற்றமாக இருக்கும்.

மொமோயே வெளிச்சத்துக்கு வந்தது 'ஸ்டார் தஞ்சோ!' என்ற தொலைக்காட்சித் தேர்வு நிகழ்ச்சியால். நிப்பான் தொலைக்காட்சி 1971-இல் தொடங்கிய அந்த நிகழ்ச்சியில் புதியவர்கள் பாடுவார்கள். அவர்களைச் சேர்த்துக்கொள்ள விரும்பும் நிறுவனங்களின் ஆட்கள் பெயர்ப்பலகையை உயர்த்திக் காட்டுவார்கள். 1972 டிசம்பரில் தேர்வான மொமோயே ஹொரிபுரோ என்ற கலைஞர் மேலாண்மை நிறுவனத்தில் சேர்ந்தார், இசைத்தட்டுகளைச் சிபிஎஸ் சோனி வெளியிட்டது. அதே நிகழ்ச்சியின் வழியாக வந்த மொரி மசாகோ, சகுராதா ஜுன்கோ ஆகியோரோடு சேர்த்து அவரை 'நடுநிலைப்பள்ளி மூன்றாமாண்டு மூவர்' என்று அழைத்தார்கள். அடுத்த ஆண்டு அவர்கள் உயர்நிலைப்பள்ளிக்குச் சென்றதும் பட்டப்பெயரும் வகுப்பேறியது.

இன்னொரு பக்கம், 1970-களின் தொடக்கத்தில் ஜப்பானியத் திரையுலகம் தொலைக்காட்சியால் நொடிந்துபோயிருந்தது. தாய்யேய் நிறுவனம் 1971-இல் திவாலானது. நிக்கட்சு நிறுவனம் அதே ஆண்டில் பாலுணர்வுப் படங்களின் பக்கம் திரும்பிப் பிழைத்துக்கொண்டது. நிக்கட்சுவில் ஒரு காலத்தில் தூய இளங்காதல் படங்களை எடுத்த இயக்குநர்கள் வேறு இடம் தேட வேண்டியிருந்தது. தொலைக்காட்சியால் புகழ்பெற்ற ஒரு பாடகியை வைத்துப் படமெடுத்தால் அவருடைய இரசிகர்கள் திரையரங்குக்கு வருவார்கள் என்பது எல்லாருக்கும் தெரிந்த கணக்கு. ஆனால் அவர் நேரமோ மிகக் குறைவு. பாடல் நிகழ்ச்சி, தொலைக்காட்சித் தொடர், பள்ளி என்று நாள் முழுவதும் பிய்த்துப் போட்ட அட்டவணை. எனவே மக்களுக்கு முன்பே தெரிந்த, ஏற்கெனவே வெற்றிபெற்ற கதையை மறுபடியும் எடுப்பதே பாதுகாப்பான வழியாக இருந்தது. கோடையிலும் புத்தாண்டை ஒட்டியும் ஆண்டுக்கு இரண்டு படங்கள், தோஹோ திரைப்பட நிறுவனத்தின் வெளியீடு, நாயகனாக மியுரா தொமோகஸு என்று ஒரு முறை அமைந்துவிட்டது. 13 படங்களில் 12 தொமோகஸுவோடு நடித்தவை. 1976-இல் வந்த 'எடென் நோ உமி' மட்டும் விலக்கு. அந்த இணையை அங்கே 'கோல்டன் காம்பி' என்பார்கள்.

நான்காம் படி: முதல் படத்தையும் ஆறாவது படத்தையும் அடுத்தடுத்துப் பாருங்கள்

முதலில் 1974 டிசம்பரில் வந்த 'இசு நோ ஒதொரிகோ', 'இசுவின் நடனக்காரி'. கவபாட்டா யசுனாரி 1926-இல் வெளியிட்ட சிறுகதை. இசு தீபகற்பத்தில் தனியே பயணம் செய்யும் தோக்கியோ மாணவன் ஒருவன் நாடோடிக் கலைஞர் குழுவோடு சேர்ந்து நடக்கிறான். அக்குழுவின் சின்னஞ்சிறு நடனக்காரியிடம் அவன் மனம் செல்கிறது, ஷிமோடா துறைமுகத்தில் பிரிகிறார்கள். இந்தக் கதை 1933-இல் தனாகா கினுயோ நடிக்கத் தொடங்கி, மிசொரா ஹிபாரி, யோஷினாகா சயூரி முதலியோர் நடிக்கப் பலமுறை படமானது. அந்த வரிசையில் மொமோயேயின் படம் ஆறாவது. 1963-இல் சயூரியை வைத்து நிக்கட்சுவுக்காக இதே கதையை எடுத்த நிஷிகாவா கட்சுமிதான் 1974-இலும் இயக்குநர். பத்தாண்டுக்குப் பின் தன் படத்தைத் தானே மறுபடி எடுக்கிறார். ஆகவே மொமோயேயிடம் எதிர்பார்க்கப்பட்டது புதிய ஒரு பெண்ணை உருவாக்குவது அன்று. வரிசையாக வந்த நடிகைகளின் இருக்கையில் போய் அமர்வது. வசனம் பேசும்போது அவர் சற்றுத் திணறுகிறார் என்பதை மறைக்க வேண்டியதில்லை. பேசாமல் பார்க்கிற இடங்களில் மட்டும், அந்தப் பார்வை அவர் வயதுக்கு மீறியதாக இருக்கிறது.

இதை முடித்தவுடன் இடையில் உள்ள படங்களைத் தாண்டி அவருடைய ஆறாவது படமான, 1976 டிசம்பரின் 'ஷுன்கின்ஷோ'வுக்கு வாருங்கள். அதே இயக்குநர், அதே நாயகன். தனிசாகி ஜுனிச்சிரோவின் 1933-ஆம் ஆண்டுக் கதை. ஒசாகாவில் மருந்து வணிகக் குடும்பத்தில் பிறந்து பார்வையிழந்த ஷுன்கின், இசையில் தேர்ந்து ஆசிரியையாகிறாள். பணியாள் சசுகே அவளுக்கு ஊழியம் செய்கிறான், அவளிடமே இசையும் கற்கிறான், அடியும் வாங்குகிறான். கொதிநீரால் அவள் முகம் சிதைந்தபோது, அந்த முகத்தைத் தான் பார்க்கக்கூடாது என்று ஊசியால் தன் கண்களைக் குத்திக்கொள்கிறான். இங்கே மொமோயே காத்திருக்கும் பெண் அல்லர். ஆணையிடுகிறவர், சினக்கிறவர், கொடியவரும்கூட. இந்தப் படம் வந்தது 'யொகொசுகா ஸ்டோரி' வெளியான அதே ஆண்டின் இறுதியில் என்பதைக் கவனிக்க வேண்டும். பாடலில் ஜூனில் நிகழ்ந்த மாற்றம் திரையில் டிசம்பரில் எட்டிப்பார்க்கிறது. இதைத் திட்டமிட்டுச் செய்தார்கள் என்று நான் சொல்லவில்லை. ஆனால் பாடல் முன்னே நடக்க, படம் சில அடிகள் பின்னே வருகிற இந்த நடை மறுபடியும் மறுபடியும் தென்படும்.

இடையில் தாண்டிய படங்களில் 1975-இன் 'ஷியோசாய்' பார்க்கத்தக்கது. மிஷிமா யூகியோவின் மீனவக் காதல் நாவல். கதையின் தீவுக்கு முன்மாதிரியாக இருந்த, இசே விரிகுடாவின் வாயிலில் உள்ள காமிஷிமா தீவுக்காகவேகூடப் பார்க்கலாம். 'செஷ்ஷோ', 'காசே தாச்சினு' இரண்டையும் பிறகு நேரமிருந்தால் பார்த்துக்கொள்ளுங்கள். நாயகி நோயில் வாடி இறக்கும் கதைகள், ஒன்று பார்த்தால் மற்றது ஏறக்குறைய விளங்கிவிடும்.

வசனம் புரிவது எப்படி என்ற கேள்வி இங்கே எழும். இந்தப் படங்களுக்கு ஆங்கில வசன எழுத்துகளுடன் கூடிய பிரதி எளிதில் கிடைக்காது. ஆனால் பெரும்பாலானவை புகழ்பெற்ற இலக்கியத்தை அடிப்படையாகக் கொண்டவை என்பது புதியவருக்கு ஒரு வரம். 'இசுவின் நடனக்காரி', 'ஷியோசாய்', 'ஷுன்கின்ஷோ', கடைசிப் படியில் வரும் 'கொத்தோ' நான்குமே ஆங்கில மொழிபெயர்ப்பில் நெடுங்காலமாகக் கிடைக்கின்றன, நான்குமே அளவில் பெரியவை அல்ல. முதல் நாள் கதையைப் படித்துவிட்டு மறுநாள் படத்தைப் பார்த்தால், வசனம் புரியாவிட்டாலும் காட்சி புரியும். படம் எங்கே கதையிலிருந்து விலகுகிறது என்பதும் தெரியவரும். குறுந்தகடு வாங்குகிறவர்கள் மண்டலக் குறியீட்டைப் பார்த்து வாங்க வேண்டும்: ஜப்பானின் டிவிடி இரண்டாம் மண்டலம், இந்தியாவினுடையது ஐந்தாம் மண்டலம். எல்லா மண்டலத் தட்டையும் ஏற்கும் கருவி இல்லையென்றால் வாங்கிய தட்டு அலமாரிக்குத்தான்.

ஐந்தாம் படி: 'கிரி நோ ஹதா'வை 'பிளேபேக்' பாடலோடு சேர்த்துப் பாருங்கள்

1977 டிசம்பரில் வந்த இந்தப் படம் மத்சுமோத்தோ செய்ச்சோவின் குற்றக்கதை. கொலைக்குற்றம் சாட்டப்பட்ட அண்ணனைக் காப்பாற்றச் சொல்லிப் பெயர்பெற்ற வழக்கறிஞர் ஒருவரைத் தேடித் தோக்கியோவுக்கு வருகிறாள் தங்கை. கட்டணம் கொடுக்க அவளிடம் வழியில்லை, அவர் மறுத்துவிடுகிறார். அண்ணன் சிறையில் இறக்கிறான். பிறகு அவள் அந்த வழக்கறிஞரைப் பழிவாங்குகிறாள், இரக்கமே இல்லாமல். வழக்கறிஞராக நடித்தவர் மூத்த நடிகரான மிகுனி ரென்தாரோ. அவரைப் போன்ற ஒருவருக்கு எதிரே நின்று குரலை உயர்த்தாமல் பேச வேண்டிய வேடம் பதினெட்டு வயதுப் பாடகிக்கு எளிதன்று. 1965-இல் யமதா யோஜி இயக்கத்தில் பைஷோ சியேகோ நடித்த படத்தோடு ஒப்பிட்டு இதைக் குறைவாக மதிப்பிடுவோர் உண்டு. படமாக அது உயர்ந்ததுதான். ஆனால் மொமோயேயைப் பின்தொடர்கிறவருக்கு இந்தப் படம் தேவை. பார்த்து முடித்த கையோடு ஐந்து மாதம் கழித்து வந்த 'பிளேபேக் பார்ட் 2'-ஐக் கேளுங்கள். அந்தக் கீழ் ஸ்தாயியின் குளிர்ச்சி இரண்டிலும் ஒன்றே.

இதற்குப் பின் வந்தவற்றில் 'ஃபுரிமுகெபா ஐ' மட்டும் தனித்து நிற்கிறது: 1978 கோடையில் வந்தது, பழைய கதையின் மறுபதிப்பு அன்று, சான் பிரான்சிஸ்கோவில் படமாக்கப்பட்டது. இயக்கியவர் ஒபயாஷி நொபுஹிகோ. மொமோயேவும் தொமோகஸுவும் முதன்முதலில் சேர்ந்து தோன்றிய கிளிக்கோ மிட்டாய் நிறுவன விளம்பரத்தை எடுத்தவரும் அவரே. காதலர்களைக் காதலர்களாகவே அவர் படம் பிடித்திருக்கிறார் என்று தோன்றும்.

ஆறாம் படி: தொலைக்காட்சித் தொடரைத் தவிர்க்காதீர்கள்

இருபத்தொன்பது வாரக் கண்ணீர்க் கதை என்று ஒதுக்கிவிட எண்ணம் வரலாம். ஆனாலும் டிபிஎஸ் தொலைக்காட்சியில் 1975 அக்டோபர் முதல் 1976 ஏப்ரல் வரை வந்த 'அகாய் கிவாகு' தொடரின் சில பகுதிகளையாவது பார்க்க வேண்டும். 'அகாய்' என்றால் சிவப்பு. அச்சொல்லோடு தொடங்கும் தலைப்புள்ள தொடர்கள் பல வந்தன, அவற்றுள் சிலவற்றில் மொமோயே நடித்தார். இதில் அவர் கதிர்வீச்சுக்கு ஆளாகி இரத்தப் புற்றுநோய் கண்ட சச்சிகோ என்ற பெண். அரிய வகை இரத்தம் தேவைப்படும்போதுதான், தன்னை வளர்த்தவர்கள் தன்னைப் பெற்றவர்கள் அல்லர் என்பது அவளுக்கு வெளிப்படுகிறது. தந்தையாக உட்சுயி கென், காதலனாகத் தொமோகஸு.

1984-இல் சீனாவில் இந்தத் தொடர் ஒளிபரப்பானபோது நாடே அதில் மூழ்கியது. சச்சிகோ அணிந்தது போன்ற சட்டைகள் அவள் பெயராலேயே அங்கே விற்பனையாயின. அப்போது மொமோயே திரையை விட்டு விலகி நான்கு ஆண்டுகள் ஆகியிருந்தன. சீனாவில் அவரை நேசித்தவர்கள் பலர் முதலில் அறிந்தது நடிகை மொமோயேவைத்தான். பாடகி என்பது அவர்களுக்குப் பின்னால் தெரிந்த செய்தி.

ஏழாம் படி: இசைத்தட்டுகளின் உட்பக்கம்

சிங்கிள்கள் பழகியபின் முழுநீள இசைத்தட்டுகளுக்குச் செல்லலாம். 1977-இல் இலண்டனில் பதிவான 'கோல்டன் ஃபிளைட்', 1979-இல் லாஸ் ஏஞ்சலிஸில் பதிவான 'எல்.ஏ. புளூ' இரண்டும் போதும் தொடக்கத்துக்கு. அயல்நாட்டு இசைஞர்களின் வாசிப்புக்கு நடுவே அவர் குரல் எவ்வளவு அசையாமல் நிற்கிறது என்பதைக் கேட்கலாம்.

எட்டாம் படி: விலகலைப் பற்றி வதந்திகளில் படிக்காமல் அவர் சொன்னதைப் படியுங்கள்

1979 அக்டோபரில் ஒசாகாவில் நடந்த கச்சேரியில், தான் காதலிப்பவர் மியுரா தொமோகஸு என்று மேடையிலேயே மொமோயே அறிவித்தார். 1980 மார்ச்சில் திருமணத்தோடு தொழிலை விட்டு விலகுவதாகச் சொன்னார். ஏன் விலகினார் என்று அன்று முதல் எழுதப்பட்டவற்றுக்கு அளவில்லை. விலகியபின் அவருடைய தனிவாழ்க்கையைத் துரத்திப் படம்பிடித்த வாரப் பத்திரிகைகளும் ஏராளம். புதியவர்கள் இவற்றில் நேரம் செலவிட வேண்டாம் என்பது என் கருத்து. 1980 செப்டம்பரில் வந்த 'அஓய் தொகி' என்ற தன்வரலாற்றை அவரே எழுதினார். தந்தை இல்லாத வீட்டைப் பற்றியும், பாடல்கள் தன்மீது சுமத்திய உருவத்தைப் பற்றியும், திருமண முடிவைப் பற்றியும் மறைக்காமல் எழுதினார். புத்தகம் பெருவிற்பனை கண்டது. திருமணத்துக்காக வேலையை விட்டதை இன்றைய கண்ணால் பார்த்து வருந்துவோரும் உண்டு, தன் முடிவைத் தானே எடுத்தார் என்று போற்றுவோரும் உண்டு. இருதரப்பாரும் முதலில் அந்தப் புத்தகத்தைப் பற்றி அறிந்துகொள்வது நல்லது. 'யொகொசுகா கெய்' என்ற புனைபெயரில் அவர் பாடல்வரிகளும் எழுதியிருக்கிறார். விலகியபின் 1980 நவம்பரில் வெளியான 'இச்சியே' அவற்றுள் ஒன்று. பிற்காலத்தில் துணித்தையல் கலையில் ஈடுபட்டு, தன் வேலைப்பாடுகளைத் தொகுத்து 2019-இல் ஒரு நூல் வெளியிட்டார். வெளியுலகுக்கு அவர் காட்ட விரும்பியது அவ்வளவே.

கடைசிப் படி: புதொக்கான், அதன்பின் 'கொத்தோ'

1980 அக்டோபர் 5 அன்று தோக்கியோ நிப்பான் புதொக்கான் அரங்கில் இறுதிக் கச்சேரி நடந்தது. அதன் பதிவு குறுந்தகடாகக் கிடைக்கிறது; 2021 ஜனவரியில் என்எச்கே அதை மறுபடியும் ஒளிபரப்பியபோது, அவர் பாடிய காலத்தில் பிறந்தேயிராத பலரும் பார்த்தார்கள். இதைக் கடைசியில் வைத்ததற்குக் காரணம் உண்டு. முன்சொன்ன பாடல்கள் பழகாமல் இதைப் பார்த்தால், மக்கள் அழுகிற ஒரு பழைய கச்சேரியாக மட்டுமே தெரியும். பழகியபின் பார்த்தால் ஒவ்வொரு பாடலையும் அவர் கடைசி முறையாகப் பாடி இறக்கிவைப்பது தெரியும். இறுதிப் பாடல் 'சயொநாரா நோ முகோகவா', அகி-உசாகி இணையின் படைப்பு, 'விடைபெறலுக்கு அப்பால்' என்று பொருள். அதைப் பாடி முடித்தபின், வெண்ணிற உடையில் இருந்தவர், வெண்ணிற ஒலிவாங்கியை மேடைத் தரையில் மெல்ல வைத்துவிட்டுப் பின்னோக்கி நடந்து மறைகிறார்.

இதோடு நிறுத்திவிடாமல் ஒரு நாள் இடைவெளி விட்டு 'கொத்தோ'வைப் பாருங்கள். இச்சிகாவா கோன் இயக்கியது. மீண்டும் கவபாட்டாவின் நாவல், 1962-இல் வந்தது. தொழிலை விடுவதற்குமுன் மொமோயே நடித்து முடித்த படம் இது. 1980 நவம்பர் 19 அன்று திருமணம் நடந்தது, படம் டிசம்பரில் வெளியானது. அதாவது இரசிகர்கள் திரையரங்கில் அவரைப் பார்த்தபோது அவர் ஏற்கெனவே விலகிப்போய்விட்டவர். பிறந்தவுடன் பிரிந்த இரட்டையர் இருவராகவும் அவரே நடிக்கிறார்: கியோத்தோவின் கிமோனோத் துணி வணிகர் வீட்டில் செல்லமாக வளர்ந்த சியேகோ, கித்தயாமா மலைச் சரிவுகளில் செடார் மரம் உரித்துத் தேய்க்கும் கூலிப்பெண் நயேகோ. ஆறு ஆண்டுகளுக்கு முன் இசு மலைப்பாதையில் வசனம் திணறிய சிறுமியை நினைத்துக்கொண்டு, இங்கே நடையிலும் தோளின் சாய்விலும் மட்டுமே இருவரையும் அவர் வேறுபடுத்துவதைக் கவனியுங்கள். படத்துக்கு முன் நாவலையும் படித்துவிடுங்கள். அதன் இறுதியில், ஓரிரவு மட்டும் அக்காவின் வீட்டில் தங்கிய நயேகோ பனித்தூவல் விழும் விடியலில் புறப்படுகிறாள். மரச்சட்டக் கதவைப் பற்றிக்கொண்டு சியேகோ நெடுநேரம் பார்த்து நிற்கிறாள், நயேகோ திரும்பிப் பார்க்கவில்லை.